ஓஸ்கார் ஃபிஷிங்கரின் படங்களில் இசையின் இடம் என்ன?

கேள்வி — கரிக்கோடு

ஜெர்மனியில் பிறந்து அமெரிக்காவில் மறைந்த அரூபத் திரைப்படக் கலைஞர் ஓஸ்கார் ஃபிஷிங்கரின் (1900–1967) படங்களை அண்மைக்காலமாக வரிசையாகப் பார்த்துவருகிறேன். அவரைப் பற்றிய அறிமுகக் குறிப்புகள் பெரும்பாலும் 'காட்சி இசையின் முன்னோடி' என்றே தொடங்குகின்றன. இன்றைய இசைக் காணொளிகளுக்கு அவரே மூதாதை என்று எழுதுவோரும் உண்டு. எனக்குச் சிக்கலாக இருப்பது இந்த அடையாளம்தான்.

இசையமைப்பாளர் பிராம்ஸின் ஐந்தாம் ஹங்கேரிய நடனத்துக்கு 1931-இல் அவர் செய்த 'ஸ்டடி எண் 7'ஐ ஒலியை அணைத்துவிட்டுப் பார்த்தால், கறுப்புத் திரையில் பாயும் அந்த வெள்ளைக் கோடுகள் ஏன் குறிப்பிட்ட கணத்தில் திரும்புகின்றன, ஏன் திடீரெனத் தயங்குகின்றன என்பதற்கான காரணமே மறைந்துவிடுகிறது. ஆனால் 1947-இல் வெளிவந்த 'மோஷன் பெயின்டிங் எண் 1'ஐ அதேபோல் ஒலியின்றிப் பார்த்தபோது எதுவும் குறைந்ததாகத் தெரியவில்லை; பின்னணியிலிருந்த இசையமைப்பாளர் பாக்கின் இசை விலகியதால் படம் இன்னும் தெளிந்து நின்றதாகவே பட்டது. இவ்விரண்டுக்கும் நடுவில், 1942-இல் செய்த 'ரேடியோ டைனமிக்ஸ்' படத்தில், தயவுசெய்து இசை வேண்டாம் என்று தொடக்க அட்டையிலேயே எழுதிவைத்திருக்கிறார்.

அப்படியானால் ஃபிஷிங்கர் அடிப்படையில் இசைக்கு உருவம் கொடுத்தவரா, அல்லது இசை அவருக்கு வெறும் ஊன்றுகோலாக மட்டும் இருந்ததா? அவருடைய தொழில்முறையை அறிந்தவர்கள் விளக்கினால் நன்றாயிருக்கும்.

பதில் — ஒளிநாடா

இசையை விளக்கிய ஓவியர் என்ற பட்டம் ஃபிஷிங்கருக்குப் பொருந்தாது என்பதே என் கருத்து. அதற்கான சான்று நீங்கள் குறிப்பிட்ட பிற்காலப் படங்களைவிட, ஒலிப்படம் வருவதற்கு முந்தைய பத்தாண்டில்தான் அதிகம் கிடைக்கிறது.

பிராங்க்ஃபர்ட்டுக்கு அருகிலுள்ள கெல்ன்ஹௌசனில் பிறந்த அவர் இளமையில் ஆர்கன் இசைக்கருவி செய்யும் பட்டறையில் தொழில் பழகினார். பிறகு கட்டட வரைபடப் பயிற்சி, அதன்பின் பொறியியல். ஆகவே திரைக்கலைக்கு அவர் வந்தபோது கையில் இருந்தது ஓவியக் கல்லூரிப் படிப்பு அல்ல, இயந்திரங்களைப் புரிந்துகொள்ளும் மூளையும் அளவுகோல் பிடித்த கையும்தான். பெர்ன்ஹார்ட் டீபோல்ட் என்ற விமர்சகர் வழியாக வால்டர் ரூட்மனின் அறிமுகம் கிடைத்தது. அரூப வடிவங்களை மட்டுமே கொண்டு ரூட்மன் 1921-இல் செய்த 'லிக்ட்ஷ்பீல் ஓபுஸ் 1' அப்போது புதிய செய்தி. அந்த வகைப் படத்தைக் கையால் ஒவ்வொரு சட்டகமாகத் தீட்டுவதன் கடினத்தைக் கண்ட ஃபிஷிங்கர் முதலில் உருவாக்கியது ஒரு படத்தை அல்ல, ஒரு பொறியை.

அந்த மெழுகு சீவும் பொறியைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அவருடைய சிந்தனையின் விதை அதில்தான் இருப்பதாக நான் நினைக்கிறேன். வெவ்வேறு நிற மெழுகை ஒன்றுக்குள் ஒன்றாகப் பதித்து ஒரே கட்டியாக வார்த்துக்கொள்வார். பொறியின் கத்தி அந்தக் கட்டியின் முகப்பிலிருந்து மிக மெல்லிய சீவல் ஒன்றை எடுக்கும். கத்தி கடந்ததும் அதனோடு இணைக்கப்பட்ட கேமராவின் மூடி திறந்து, புதிதாக வெளிப்பட்ட பரப்பை ஒரு சட்டகமாகப் பதிவுசெய்யும். மறுபடியும் ஒரு சீவல், மறுபடியும் ஒரு சட்டகம். கட்டிக்குள் ஒரு கூம்பு நுனி முன்னோக்கிப் பதிந்திருந்தால் திரையில் ஒரு புள்ளி தோன்றி வட்டமாக விரியும். சாய்வாகக் கிடக்கும் தண்டு ஒன்று இருந்தால் ஒரு புள்ளி திரையின் குறுக்கே நகர்ந்து செல்லும். முறுக்கிப் பிசைந்த மெழுகோ மேகமும் சுழியுமாகக் கலங்கும். அதாவது திரையில் காலமாக ஓடப்போவது முழுவதும் கட்டியின் ஆழமாக முன்பே உறைந்து கிடக்கிறது. லோட்டே ரைனிகரின் நிழலுருவப் படமான 'இளவரசர் அக்மதின் சாகசங்கள்' (1926) வேலையின்போது ரூட்மன் இந்தப் பொறியைத்தான் பயன்படுத்திச் சில மாயப் பின்னணிகளை உருவாக்கினார். இந்தச் செய்முறையின் எந்தக் கட்டத்திலும் இசைக்கு வேலையே இல்லை.

1927-இல் மியூனிக்கிலிருந்து பெர்லினுக்கு நடந்தே போனார். வழியில் கண்ட கிராமத்தவர், மேகங்கள், சாலைகள், வயல்கள் ஆகியவற்றை ஒற்றைச் சட்டகங்களாகப் பதிந்துகொண்டே சென்றார். வாரக்கணக்கில் நீண்ட அந்தப் பயணம் சில நிமிடப் படமாகச் சுருங்கித் துடிக்கிறது. அரூப வடிவமே இல்லாத அந்தப் படத்தில் அவருடைய தாளம் முழுமையாக இருக்கிறது, இசை இல்லாமலே.

'ஸ்டடி' வரிசையின் கரிக்கோட்டுப் படங்களுக்கு வருவோம். ஃப்ரிட்ஸ் லாங்கின் 'நிலவில் ஒரு பெண்' (1929) படத்துக்குத் தந்திரக்காட்சிகள் செய்துகொண்டிருந்தபோது கணுக்கால் முறிந்து படுக்கையில் கிடந்த காலத்தில்தான் காகிதத்தில் கரியால் வரையும் முறையில் அவர் முழுமூச்சாக இறங்கினார். வெள்ளைத் தாளில் கறுப்பாக வரைந்ததைப் படம்பிடித்து, எதிர்மறைப் பிரதியைத் திரையிட்டால் கறுப்பு வெளியில் ஒளிக்கோடுகள் கிடைக்கும். இந்த 'ஸ்டடி' வரிசையில் சில, எலக்ட்ரோலா நிறுவனத்தின் இசைத்தட்டுகளுக்கு விளம்பரமாகவும் திரையரங்குகளில் ஓடின. இசைத்தட்டின் விவரம் படத்திலேயே காட்டப்பட்டது. இசைக்காணொளி என்ற ஒப்புமை பிறந்தது இங்கேதான். பிழைப்புக்கான ஏற்பாடு என்பதில் ஐயமில்லை. 'ஸ்டடி எண் 8' பாதியில் நிற்பதுபோல் தோன்றுவதும் இதே பொருளாதாரத்தால்தான்: பால் டூக்காவின் இசையில் பிற்பாதிக்கான உரிமையை வாங்க அவரிடம் பணம் இல்லை.

ஆனால் இசையை நாடியதற்குப் பணத்துக்கு அப்பால் ஒரு காரணமும் உண்டு. கதையோ மனிதரோ இல்லாத ஒரு படத்தின் முன் உட்காரும் பார்வையாளர், இது எதைக் குறிக்கிறது என்றுதான் முதலில் கேட்பார். அதே மனிதர் பிராம்ஸைக் கேட்கும்போது அந்தக் கேள்வியைக் கேட்பதில்லை. பொருள் சுட்டாத ஒலிகளின் ஏற்ற இறக்கத்தைத் தடையின்றி ஏற்றுக்கொள்கிறார். அந்த இசைவைக் கண்ணுக்கும் கடத்துவதற்கு இசை ஒரு வாசல். வாசலைக் கடந்தபின் அது தேவைப்படாது என்பதைத்தான் 'ரேடியோ டைனமிக்ஸ்' காட்டுகிறது.

பதில் — ஒலித்தடம்

முந்தைய பதிலில் உள்ள வரலாறு சரி. முடிவு எனக்கு உடன்பாடில்லை. வாசல் என்று சொல்லும்போது இசையை அவர் வெளியிலிருந்து இரவல் வாங்கியதாகிறது. ஒலியோடு அவருக்கிருந்த உறவு அதைவிட ஆழமானது என்பதற்கு 1932-இல் அவர் செய்த 'ஒலிக்கும் அலங்காரங்கள்' சோதனைகளே சாட்சி.

ஒளிவழி ஒலிப்பதிவு எப்படி இயங்குகிறது என்று பார்த்தால் இது விளங்கும். படச்சுருளில் சட்டகங்களின் ஓரமாக ஒரு குறுகிய பட்டை ஓடுகிறது. அதனூடே பாயும் ஒளி, பட்டையிலுள்ள கருமையும் வெளிச்சமும் மாறுவதற்கேற்பக் கூடிக் குறைய, அதை ஒளிமின்கலம் மின்னோட்டமாக்க, ஒலிபெருக்கி அதை ஒலியாக்குகிறது. வழக்கமாக அந்தப் பட்டையில் பதிவாவது ஒலிவாங்கி கேட்ட ஒலி. ஃபிஷிங்கரோ நீண்ட தாள்களில் வட்டம், முக்கோணம், அலைவரிசை போன்ற அலங்கார வடிவங்களை வரிசையாக வரைந்து, அவற்றை நேராக அந்தப் பட்டையில் படம்பிடித்தார். வடிவங்கள் நெருக்கமாக அடுக்கப்பட்டால் சுருதி உயரும்; விலகினால் தாழும்; வடிவம் மாறினால் ஒலியின் குணம் மாறும். யாரும் பாடாத, எந்தக் கருவியும் எழுப்பாத ஒலி அது. ஏறக்குறைய அதே காலத்தில் மியூனிக்கில் ருடால்ஃப் ஃபென்னிங்கரும் வரைந்த ஒலியில் ஈடுபட்டிருந்தார். ஆனால் ஃபென்னிங்கருடைய நோக்கம் விரும்பிய ஒலியைத் துல்லியமாகப் பெறுவது. கண்ணுக்கு அழகான ஒரு வடிவம் காதுக்கு என்னவாகக் கேட்கும் என்பதே ஃபிஷிங்கரின் ஆவல். என் பார்வையில் இரண்டாவதுதான் விநோதமான கேள்வி, பயனுள்ள கேள்வியும்கூட.

அமெரிக்க இசையமைப்பாளர் ஜான் கேஜின் கதையையும் இங்கே சேர்க்க வேண்டும். ஹாலிவுட்டின் எம்ஜிஎம் நிறுவனத்துக்காக, இசையமைப்பாளர் லிஸ்ட்டின் இரண்டாம் ஹங்கேரிய ரேப்சோடிக்கு 'ஆன் ஆப்டிகல் போயம்' படத்தை ஃபிஷிங்கர் செய்துகொண்டிருந்தபோது, அப்போது இளைஞராக இருந்த கேஜ் சில காலம் அவருக்கு உதவியாளராக இருந்தார். மெல்லிய கம்பிகளில் தொங்கும் காகித வட்டங்களை ஒவ்வொரு சட்டகத்துக்கும் சற்றே நகர்த்த வேண்டும். நகர்த்தியதும் அவை ஆடும். நீண்ட கோலின் நுனியில் கட்டிய இறகால் தொட்டு அந்த ஆட்டத்தை அடக்குவதுதான் கேஜின் வேலை. உலகிலுள்ள ஒவ்வொரு பொருளுக்கும் ஓர் ஆவி உண்டு, அதை அதிரச் செய்தால் அது ஒலியாக விடுதலை பெறும் என்று ஃபிஷிங்கர் அப்போது சொன்னதாகவும், அதன்பின் தட்டியும் உரசியும் பொருள்களின் ஒலியைத் தேடத் தொடங்கியதாகவும் கேஜ் பிற்காலத்தில் நினைவுகூர்ந்தார். தாளவாத்தியங்களுக்கு அவர் எழுதிய தொடக்ககால இசைக்கு அந்தச் சொல் ஒரு தூண்டுதல். இசை வெறும் வாசலாக இருந்தவர் அப்படிப் பேசியிருக்க மாட்டார்.

கரிக்கோடு

இருவருக்கும் நன்றி. இரண்டு பதில்களும் 1930களின் நடுப்பகுதியோடு ஏறக்குறைய நின்றுவிடுகின்றன. ஹாலிவுட்டில் நடந்ததை யாராவது தொட வேண்டும். டிஸ்னியின் இசைவழி அனிமேஷன் படமான 'ஃபான்டேசியா'வில் பாக்கின் இசைக்கான பகுதியில் அவருடைய கை எவ்வளவு என்பது பற்றி ஒன்றுக்கொன்று முரணாகப் படித்திருக்கிறேன். அந்தக் கசப்புதான் அவரை இசையிலிருந்து விலக்கியதா?

பதில் — நிழற்பொறி

கசப்பு ஒரு பங்கு என்றுதான் சொல்ல முடியும், ஆனால் கதை பெர்லினிலேயே தொடங்குகிறது. நாஜி ஆட்சி வந்தபின் அரூபக் கலை சீரழிந்த கலை என்று முத்திரை குத்தப்பட்டது. அந்தச் சூழலில் ஃபிஷிங்கர் கண்ட புகலிடம் விளம்பரம். 1933-இல் பேலா காஸ்பாரின் காஸ்பர்கலர் என்ற வண்ணப்பட முறையில் அவர் செய்த 'கிரைஸ்' முழுக்க முழுக்க வண்ண வட்டங்களால் ஆனது. டோலிராக் என்ற விளம்பர நிறுவனம் சமூகத்தின் எல்லா வட்டங்களையும் எட்டுகிறது என்ற ஒரு வரி இறுதியில் வந்து, அதுவரை நடந்ததற்கெல்லாம் வியாபாரக் காரணம் கற்பித்துவிடுகிறது. காஸ்பர்கலரில் ஒரு சட்டகத்தை மூன்று வண்ண வடிகட்டிகள் வழியே அடுத்தடுத்துப் பதிய வேண்டியிருந்ததால், ஓடியாடும் மனிதர்களைவிட அசையாமல் வைத்துப் படமெடுக்கும் அனிமேஷனுக்கே அது பொருந்தியது. அவருக்கு அது வாய்ப்பாகவும் அமைந்தது. அணிவகுத்து நடக்கும் சிகரெட்டுகளைக் கொண்ட முராட்டி விளம்பரம் (1934) பெரும் வரவேற்பைப் பெற்றது. அதில் கிடைத்த பெயரோடு 1935-இல் 'காம்போசிஷன் இன் ப்ளூ' வெளிவர, 1936 பிப்ரவரியில் பாரமவுண்ட் நிறுவனத்தின் அழைப்பில் அமெரிக்கா போனார்.

பாரமவுண்டில் முதல் அடி விழுந்தது. வண்ணத்துக்கென்றே வடிவமைத்த ஒரு பகுதியை, முழுப்படம் கறுப்பு வெள்ளை என்பதால் அப்படியே மாற்றிக் கேட்டார்கள், அவர் விலகினார். பின்னாளில் அந்தத் துண்டை மீட்டெடுத்து 'அலெக்ரெட்டோ' என்று தாம் விரும்பிய வண்ணத்தில் முடித்தார். ஒன்றன்மேல் ஒன்றாகப் படியும் சாய்சதுரங்களும் வளையங்களும் ஜாஸ் இசையில் மிதக்கும் அந்த இரண்டரை நிமிடத்தை, அவருடைய அமெரிக்கப் படங்களில் மிக மகிழ்ச்சியானது என்று தயங்காமல் சொல்வேன்.

டிஸ்னி நிறுவனத்தில் அவர் 1938 நவம்பர் முதல் 1939 அக்டோபர் வரை இருந்தார். 'ஃபான்டேசியா'வுக்காக, பாக்கின் 'டொக்காட்டா அண்ட் ஃபியூகு' என்ற இசைப்படைப்புக்கு அரூபக் காட்சி அமைப்பது பொறுப்பு. இசைக்குழு நடத்துநர் ஸ்டொகொவ்ஸ்கியிடம் இந்த எண்ணத்தை அவர் முன்பே பேசியவரும்கூட. ஆனால் அங்கே ஒருவர் வரைந்ததைப் பலர் கூடித் திருத்துவது வழக்கம். வெற்று வடிவங்கள் பார்வையாளருக்குப் புரியாது என்ற அச்சத்தில் அவை வயலின் வில்லாகவும் தந்தியாகவும் மேகமாகவும் இயற்கை ஒளியாகவும் ஆக்கப்பட்டன. ஆங்கிலம் சரளமாக வராத ஒருவர் அத்தகைய கூட்டங்களில் என்ன வாதாடியிருக்க முடியும்? ஐரோப்பாவில் போர் மூண்ட அன்று யாரோ அவருடைய அறைக்கதவில் ஸ்வஸ்திகா ஒன்றைக் குத்திவைத்த கொடுமையும் நடந்தது, நாஜிகளிடமிருந்து விலகி வந்தவருக்கு. அவர் வெளியேறினார், 1940-இல் படம் வந்தபோது பெயர்ப்பட்டியலில் அவர் இல்லை. ஆகவே அந்தப் பகுதியில் அலை எழும் விதத்திலும் சில உருவ அடுக்குகளிலும் அவருடைய யோசனையின் சாயல் உண்டு என்று சொல்லலாம். எந்த ஒரு காட்சியையும் அவருடைய படைப்பு என்று கொள்ளக் கூடாது. அவரும் அதைத் தொழிற்சாலைப் பண்டமாகத்தான் கருதினார். ('பினோக்கியோ'வில் நீலத் தேவதையின் கோலிலிருந்து சிந்தும் ஒளி அவர் செய்தது என்பது பலருக்குத் தெரியாது.)

இசையிலிருந்து விலகியதற்கு இதைவிட நேரடியான காரணமாக நான் காண்பது கலைக்கு ஆதரவளித்த குகன்ஹைம் அறக்கட்டளையோடு ஏற்பட்ட உறவை. அதன் பொறுப்பில் இருந்த ஹில்லா ரீபே அரூபக் கலையின் தீவிர ஆதரவாளர். போர்க்காலத்தில் எதிரிநாட்டவர் என்ற நிலையில் வேலை கிடைக்காமல் திண்டாடிய ஃபிஷிங்கருக்கு அவர் தந்த உதவித்தொகை பெரிய துணை. ஆனால் உதவியோடு நிபந்தனையும் வந்தது: பாக்கின் மூன்றாம் பிராண்டன்பர்க் கான்செர்ட்டோவுக்குப் படம் வேண்டும். 'மோஷன் பெயின்டிங் எண் 1' அந்த நிபந்தனைக்கு அவர் கொடுத்த பதில். பிளெக்ஸிகிளாஸ் என்ற ஒளிபுகும் பிளாஸ்டிக் தகட்டில் எண்ணெய் வண்ணத்தால் ஒவ்வொரு தீற்றாகத் தீட்டி, ஒவ்வொரு தீற்றுக்குப் பின்னும் ஒரு சட்டகம் எடுத்தார். வண்ணம் தடித்துப்போனால் மேலே இன்னொரு தகட்டை வைத்துத் தொடர்ந்தார். திரையில் எப்படி வந்திருக்கிறது என்று பார்க்காமலே மாதக்கணக்கில் இப்படித் தீட்டியிருக்கிறார். பதினோரு நிமிடத்தில் சுருள்கள் முளைத்துப் பெருகுகின்றன, அவற்றின்மேல் செவ்வகங்கள் நகரம்போல் எழுகின்றன, பிறகு எல்லாவற்றையும் ஒரு பெருஞ்சக்கரம் மூடுகிறது. பாக்கின் ஒரு ஸ்வரத்துக்கு ஒரு தீற்று என்ற இணைப்பு எங்கும் இல்லை. நீங்கள் ஒலியை அணைத்தபோது எதுவும் குறையாததற்குக் காரணம் அதுதான்; இசையும் ஓவியமும் அங்கே ஒன்றையொன்று பின்தொடராமல் பக்கத்தில் பக்கத்தில் நடக்கின்றன. ரீபேக்குப் படம் பிடிக்கவில்லை. 1949-இல் பெல்ஜியத்தில் நடந்த சோதனைத் திரைப்படப் போட்டியில் அது முதற்பரிசு பெற்றது. 1997-இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டிலும் இடம்பெற்றது. ஆனால் பரிசு வந்தும் அடுத்த படத்துக்குப் பணம் வரவில்லை. சில விளம்பரங்களைத் தவிர்த்தால் வாழ்நாளின் எஞ்சிய பகுதி பெரும்பாலும் ஓவியத்துக்கே போயிற்று.

பதில் — ஒளிநாடா

ஒலிக்கும் அலங்காரங்களை முன்வைத்து ஒலித்தடம் எழுப்பிய மறுப்பு வலுவானது; ஆயினும் அது என் கருத்தை மறுப்பதாக நான் கொள்ளவில்லை. அங்கே முதலில் வருவது வடிவம், ஒலி அதன் விளைவு. இரவல் இசைக்கு வடிவம் தேடுவதற்கு அது நேர்எதிரான பாதை.

பதில் — ஒலித்தடம்

அப்படியானால் லூமிகிராஃபை எங்கே வைப்பீர்கள்? 1955-இல் காப்புரிமை பெற்ற அந்தக் கருவியில் படச்சுருளே கிடையாது. ஒரு சட்டத்தில் இழுத்துக் கட்டிய நெகிழும் வெண்திரைக்கு முன்னால் மெல்லிய தகடாக வண்ண ஒளி பாய்கிறது. பின்னாலிருந்து கையால் திரையை அழுத்தும்போது அந்த ஒளித்தகட்டுக்குள் புடைத்துவரும் பகுதி மட்டும் இருட்டில் மிளிர்கிறது. கையை இழுத்தால் ஒளி மறைகிறது. பதிவுசெய்த இசையை ஓடவிட்டு, அதைக் கேட்டுக்கொண்டே அவர் அதை 'வாசித்தார்'. அவருக்குப் பின் மனைவி எல்ஃப்ரீடே அதை இயக்கிக் காட்டினார். இசை தேவையற்றதாகிவிட்ட ஒருவர், பிற்காலத்தில், கேட்கும் இசைக்கு உடனுக்குடன் கையால் பதிலளிக்கும் கருவியை ஏன் செய்ய வேண்டும்?

கரிக்கோடு அவர்களுக்கு ஒரு நடைமுறை யோசனை. 'ஸ்டடி எண் 7', 'ரேடியோ டைனமிக்ஸ்', 'மோஷன் பெயின்டிங் எண் 1' மூன்றையும் ஒரே அமர்வில், அவர் விட்டுச்சென்ற ஒலியோடும் ஒலியின்மையோடும் பாருங்கள். 'ரேடியோ டைனமிக்ஸ்'க்கு இணையத்தில் பலர் தங்கள் விருப்பம்போல் இசை சேர்த்திருக்கிறார்கள். அந்தப் பிரதிகளைத் தவிர்த்துவிடுங்கள். வண்ணப் படங்களைப் பொறுத்தவரை, மங்கிய பிரதிகளிலிருந்து ஏற்றப்பட்டவை காஸ்பர்கலரின் செறிவைக் காட்டுவதில்லை. லாஸ் ஏஞ்சல்ஸில் உள்ள 'சென்டர் ஃபார் விஷுவல் மியூசிக்' மீட்டெடுத்து வெளியிட்ட வட்டுகள் கிடைத்தால், முதலில் 'காம்போசிஷன் இன் ப்ளூ'வைப் போட்டுப் பாருங்கள்.